சமரசத்தில் முடிந்த பாகப்பிரிவினை வழக்கு: இனி அப்பீல் போக முடியுமா?

#1 ஆற்றங்கரையான்

வணக்கம். கோர்ட் விவரம் தெரிந்தவர்கள் யாராவது வழி சொல்லுங்கள்.

தஞ்சாவூர் பக்கம் எங்கள் ஊர். தாத்தா உயில் எதுவும் எழுதாமல் காலமானார். 1 ஏக்கர் 86 சென்ட் நஞ்சை, ஒரு ஓட்டு வீடு, வயலில் ஒரு போர் (ஆழ்துளைக் கிணறு). போருக்கு இலவச மின்சாரம் உண்டு, சர்வீஸ் இன்னும் தாத்தா பெயரில்தான். அத்தை தன் மூன்றில் ஒரு பங்கைக் கேட்டு அப்பா மீதும் சித்தப்பா மீதும் சப் கோர்ட்டில் பாகப்பிரிவினை வழக்குப் போட்டார். நான்கு வருடம் இழுத்தது. கடைசியில் ஊர்ப் பெரியவர்கள் உட்கார்ந்து பேசி முடித்தார்கள். மூவரும் சமரச மெமோவில் கையெழுத்துப் போட, அதன்படி டிகிரி (தீர்ப்பாணை) ஆனது. இது நடந்து 14 மாதம் ஆகிறது.

போன மாதம் கல் ஊன்ற சித்தப்பா சர்வேயரைக் கூட்டிவந்தார். டிகிரி நகலைக் காட்டி, போர் இருக்கும் வடக்குப் பகுதி தன் பங்கு, அதனால் போரும் மோட்டாரும் தனக்கு மட்டும்தான் என்கிறார். போர் மூவருக்கும் பொது என்று பேசித்தான் கையெழுத்துப் போட்டதாக அப்பா சொல்கிறார். படித்துப் பார்த்தீர்களா என்று கேட்டால், "வக்கீல் காட்டிய இடத்தில் போட்டேன்" என்கிறார். அவருக்கு 72 வயது. போர்த் தண்ணீர் இல்லையென்றால் மேட்டூர் திறக்கும்வரை எங்கள் வயல் சும்மாதான் கிடக்கும்.

மாமா பையன் மாவட்டக் கோர்ட்டில் அப்பீல் போடு என்கிறான். இன்னொருவர், அந்த டிகிரியே செல்லாது என்று புது வழக்குப் போடச் சொல்கிறார். எது சரி?

#2 மஞ்சள்பை

கையெழுத்துப் போட்டாயிற்று, அப்புறம் என்ன அப்பீல்? முடியாது. பிரிவு 96(3). அவ்வளவுதான்.

#3 கறுப்புக்கோட்டு

மஞ்சள்பை சொன்னது சரி, ஆனால் பாதிதான். மீதிப் பாதியில்தான் இந்தத் தம்பியின் அப்பா நிற்கிறார்.

உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், அதாவது நாம் சி.பி.சி. என்று சொல்வது, பிரிவு 96(3)-இல் ஒரே வரியில் சொல்லிவிடுகிறது: இரு தரப்பின் சம்மதத்தின் பேரில் வழங்கிய தீர்ப்பாணை மீது மேல்முறையீடு கிடையாது. காரணம் எளிது. அப்பீல் என்பது "நீதிபதி தப்பாக முடிவு செய்துவிட்டார்" என்று மேல் கோர்ட்டில் போய்ச் சொல்வது. சமரச டிகிரியில் நீதிபதி எதையும் முடிவு செய்வதில்லை. நீங்கள் செய்துகொண்ட ஒப்பந்தத்தின் மேல் கோர்ட் முத்திரை விழுகிறது. உங்கள் முடிவு மேல் நீங்களே எப்படி அப்பீல் போவீர்கள்?

ஆனால் "இது நான் செய்த ஒப்பந்தமே இல்லை" என்று ஒருவர் சொன்னால் கதை வேறு. என்னை ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்கள், என் வக்கீல் எனக்குத் தெரியாமல் எழுதிக் கொடுத்துவிட்டார், மைனர் பங்கை கோர்ட் அனுமதி இல்லாமல் விட்டுக்கொடுத்துவிட்டார்கள் என்றெல்லாம் வருவது இந்த வகை. இதற்கு இடம் அதே சி.பி.சி.யின் ஆர்டர் 23 ரூல் 3. சமரசம் எழுத்தில் இருக்க வேண்டும், தரப்பினர் கையெழுத்திட்டிருக்க வேண்டும், சட்டப்படியான உடன்பாடாக இருக்க வேண்டும் என்கிறது அந்த விதி. ஒருவர் சமரசம் நடந்தது என்கிறார், மற்றவர் இல்லை என்கிறார் என்றால் அந்தக் கேள்வியை அதே கோர்ட்டே விசாரித்து முடிவு செய்ய வேண்டும். அதன் விளக்கக் குறிப்பு இன்னொன்றும் சொல்கிறது: 1872-ஆம் வருட ஒப்பந்தச் சட்டப்படி செல்லாத உடன்பாடு மட்டும் அல்ல, ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கியதால் ரத்து செய்யத்தக்க உடன்பாடும் சட்டப்படியானதாகக் கருதப்படாது.

ஆகவே போக வேண்டிய இடம் மாவட்டக் கோர்ட் இல்லை. டிகிரி கொடுத்த அதே சப் கோர்ட்டில், அதே வழக்கு எண்ணில் ஒரு மனு. புது வழக்கு யோசனையை இன்றே மறந்துவிடுங்கள். ரூல் 3A அதற்கு நேர் தடை.

ஒரு கசப்பான விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். "படிக்காமல் போட்டேன்" என்பது மோசடி ஆகாது.

#4 ஆற்றங்கரையான்

நன்றி சார். புது வழக்கு ஏன் கூடாது? எங்கள் ஊரில் ஒருவர் அப்படித்தான் போட்டு நடத்திக்கொண்டிருக்கிறார்.

#5 கறுப்புக்கோட்டு

நடத்திக்கொண்டிருப்பார். ஜெயித்தாரா என்று கேளுங்கள்.

சமரசத்தை ஒட்டிய டிகிரியை, அந்தச் சமரசம் சட்டப்படியானது அல்ல என்ற காரணத்தைச் சொல்லித் தனி வழக்கில் ரத்து செய்யக் கேட்க முடியாது என்பதுதான் ரூல் 3A. 2022-இல் ஸ்ரீ சூர்யா டெவலப்பர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இப்படிப்பட்ட ஒரு வழக்கின் பிராதையே (வாதி தாக்கல் செய்யும் வழக்குரையையே), விசாரணைக்குள் போகாமல், ஆர்டர் 7 ரூல் 11-இல் நிராகரித்தது சரி என்றது. அதில் வாதி, சமரசம் நடந்தபோது தான் மைனர், கோர்ட் அனுமதி முறையாக வாங்கவில்லை என்று வாதாடியவர். அவ்வளவு வலுவான காரணம் இருந்தும், அதே கோர்ட்டில் போய்ச் சொல் என்றுதான் பதில் வந்தது. "டிகிரியை ரத்து செய்" என்ற வார்த்தைக்குப் பதிலாக "விளம்புகை" (செல்லாது என்று அறிவிக்கக் கேட்பது) என்று பிராதில் எழுதித் தப்பிக்கலாம் என்று சிலர் நினைப்பார்கள். கோர்ட் பிராதின் சட்டையைப் பார்க்காது, உள்ளே என்ன கேட்டிருக்கிறார்கள் என்று பார்க்கும்.

#6 ஜூனியர்நான்

கறுப்புக்கோட்டு சாருக்கு வணக்கம். ஒரு இடத்தில் மாறுபடுகிறேன். அப்பீலே கிடையாது என்று ஒரேயடியாகச் சொல்லிவிட முடியாது. ஆர்டர் 43 ரூல் 1A(2) இருக்கிறதே? சமரசத்தைப் பதிவு செய்து கொடுத்த டிகிரி மீது அப்பீல் போகும்போது, அந்தச் சமரசத்தைப் பதிவு செய்திருக்கக் கூடாது என்று வாதாடலாம் என்று அதில் தெளிவாக இருக்கிறது. அப்பீலே கிடையாது என்றால் இந்த விதி எதற்கு?

பன்வாரி லால் எதிர் சந்தோ தேவி, 1993-இல் வெளியான தீர்ப்பு. அதில் உச்ச நீதிமன்றம் இரண்டு வழியையும் சொன்னது: அதே கோர்ட்டில் மனு போடலாம், அல்லது 96(1)-இன் கீழ் அப்பீல் போய் சமரசத்தின் செல்லுபடியைக் கேள்வி கேட்கலாம். 2022-இல் விபன் அகர்வால் வழக்கிலும் இதையே சொன்னார்கள்.

#7 மஞ்சள்பை

ஒரே சட்டத்தில் ஒரு பக்கம் "போகாதே", இன்னொரு பக்கம் "போ". நல்லா எழுதினார்கள்.

#8 பழைய சிரஸ்தார்

இதற்கு ஒரு சின்னக் கதை இருக்கிறது. நான் வேலையில் சேர்ந்தபோதே சீனியர் வக்கீல்கள் இதை வைத்துச் சண்டை போடுவார்கள்.

1977-க்கு முன்னால் குழப்பம் இல்லை. ஆர்டர் 43 ரூல் 1-இல் (எம்) என்று ஓர் உட்பிரிவு இருந்தது. ராஜியை, அதாவது சமரசத்தை, பதிவு செய்யும் உத்தரவு மீதும், பதிவு செய்ய மறுக்கும் உத்தரவு மீதும் நேராக அப்பீல் போகலாம். அதனால் ராஜியான வழக்கெல்லாம் ராஜியானது உண்மையா என்ற இன்னொரு வழக்காக மேல் கோர்ட்டுக்குப் போய்க்கொண்டே இருந்தது. 1976 திருத்தச் சட்டத்தில் அந்த (எம்)-ஐத் தூக்கினார்கள். 1977 பிப்ரவரி 1-ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. புது வழக்குக்குத் தடையான 3A-வும் அப்போது வந்ததுதான். ஒப்பந்தம் எழுத்தில், கையெழுத்தோடு இருக்க வேண்டும் என்பதும் அப்போதுதான். அதுவரை வாய் வார்த்தை ராஜியும் ஓடியது.

(எம்)-ஐ எடுத்த பிறகு, கீழ் கோர்ட் தப்பாக ராஜியைப் பதிவு செய்தாலும் மறுத்தாலும் கேட்பதற்கு ஒரு வாசல் வேண்டுமே என்று வைத்ததுதான் 1A(2). அது தனியாக அப்பீல் உரிமை தரும் விதி இல்லை. அப்பீல் என்று ஒன்று இருந்தால், அதற்குள் இதைப் பேசலாம் என்கிற விதி.

#9 கறுப்புக்கோட்டு

சிரஸ்தார் ஐயா சொன்னதுதான் சாவி. ஜூனியர் தம்பி, பன்வாரி லால் நல்ல தீர்ப்பு, நானும் பலமுறை காட்டியிருக்கிறேன். ஆனால் அந்த வழக்கில் அப்பீல் போகவே இல்லை என்பதைக் கவனித்தீர்களா? பாதிக்கப்பட்டவர் அதே சப் கோர்ட்டில்தான் மனுப் போட்டார். சப் ஜட்ஜ் தன் உத்தரவைத் திரும்பப் பெற்றார், உயர் நீதிமன்றம் அதைத் தள்ளியது, உச்ச நீதிமன்றம் சப் ஜட்ஜ் செய்ததே சரி என்றது.

அப்புறம் 2006-இல் புஷ்பா தேவி பகத் எதிர் ராஜிந்தர் சிங். அதைப் படித்தால் உங்கள் பக்கத்துக்குக் கொஞ்சம் குளிர் எடுக்கும். சம்மத டிகிரி மீது அப்பீல் இல்லை, சமரசத்தைப் பதிவு செய்யும் உத்தரவு மீதும் அப்பீல் இல்லை, தனி வழக்கும் இல்லை, சமரசத்தைப் பதிவு செய்த கோர்ட்டுக்கே போய் "சமரசமே நடக்கவில்லை" என்று நிரூபிப்பது ஒன்றுதான் வழி என்று வரிசையாகச் சொல்லிவிட்டார்கள்.

#10 ஜூனியர்நான்

புஷ்பா தேவி தெரியும் சார். ஆனால் 2005-இல் வந்த கிஷன் எதிர் பிஹாரி என்ன ஆகும்? சமரசம் நடந்ததா இல்லையா என்று கீழ் கோர்ட்டில் தகராறு கிளம்பி, விசாரணை செய்து, "நடந்தது" என்று முடிவெடுத்து டிகிரி கொடுத்தால், அதை 96(3)-இல் சொல்லும் சம்மத டிகிரி என்று சொல்லவே முடியாது, அப்பீல் உண்டு என்று அதில் இருக்கிறது.

#11 கறுப்புக்கோட்டு

ஆமாம்! இப்போது சரியான இடத்துக்கு வந்துவிட்டீர்கள். நான் ஜூனியர்களிடம் இப்படித்தான் சொல்வேன்: தகராறு எப்போது கிளம்பியது என்று பார்.

டிகிரிக்கு முன்பே ஒருவர் எழுந்து "நான் ஒப்புக்கொள்ளவில்லை" என்றார், கோர்ட் விசாரித்து அவருக்கு எதிராக முடிவு செய்தது. அங்கே நீதிபதி ஒரு விஷயத்தை முடிவு செய்திருக்கிறார். அப்படியென்றால் அது முடிவு, சம்மதம் இல்லை. அப்பீல் உண்டு, 1A(2)-க்கும் அங்கே வேலை உண்டு.

எல்லோரும் சிரித்த முகத்தோடு கையெழுத்துப் போட்டு, டிகிரி ஆகி, அப்புறம் ஒருவருக்கு மனம் மாறுகிறது அல்லது ஏமாந்தது தெரியவருகிறது. இங்கே கோர்ட் எதையும் விசாரித்ததே இல்லை. மேல் கோர்ட் எதைப் பார்த்து முடிவு செய்யும்? சாட்சி இல்லை, குறுக்கு விசாரணை இல்லை. அதனால் முதலில் அதே கோர்ட். விபன் அகர்வால் தீர்ப்பை வைத்து அப்பீலும் போடலாம் என்று வாதாட இடம் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் 72 வயதுக்காரரை வைத்துக்கொண்டு, நம்பர் ஆகுமா ஆகாதா (கோர்ட் கோப்பில் ஏற்குமா ஏற்காதா) என்கிற அப்பீலில் ஏன் இரண்டு வருடம் போக்க வேண்டும்? மாவட்டக் கோர்ட்டுக்கு அப்பீல் கெடு 30 நாள். 14 மாதம் ஆனதற்குத் தாமத மன்னிப்பு மனு வேறு போட வேண்டும்.

#12 கீழவாசல்

குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். என் தங்கை பரஸ்பர சம்மத விவாகரத்து வாங்கினாள். டிகிரி ஆன பிறகு மாப்பிள்ளை வீட்டார் அப்பீல் போகிறோம் என்று மிரட்டுகிறார்கள். இதுவும் இதே கதைதானா?

#13 ஜூனியர்நான்

குடும்ப நல நீதிமன்றம் கொடுத்த டிகிரி என்றால் இன்னும் நேராகவே இருக்கிறது. 1984-ஆம் வருட குடும்ப நல நீதிமன்றச் சட்டம் பிரிவு 19(2): தரப்பினர் சம்மதத்தோடு கொடுத்த தீர்ப்பாணை மீது அப்பீல் இல்லை. மனம் மாறுவதாக இருந்தால் டிகிரிக்கு முன்பே மாறியிருக்க வேண்டும். பரஸ்பர சம்மத விவாகரத்துக்கான இந்துத் திருமணச் சட்டம் 13B-யில் சம்மதம் டிகிரி நாள் வரைக்கும் உயிரோடு இருக்க வேண்டும், நடுவில் ஒருவர் பின்வாங்கலாம் என்று 1991-இல் சுரேஷ்டா தேவி வழக்கில் சொல்லியிருக்கிறார்கள். டிகிரிக்குப் பிறகு வெறுமனே "மனம் மாறிவிட்டேன்" என்பதற்கு மதிப்பில்லை. மோசடி நடந்தது என்று சொன்னால் அதே கோர்ட்டில் வந்து நிரூபிக்கட்டும். பயப்பட வேண்டாம் அக்கா.

#14 கீழவாசல்

நன்றி தம்பி. நான் அண்ணன், அக்கா இல்லை :)

#15 மஞ்சள்பை

இதெல்லாம் சரி. ஆற்றங்கரையான் அப்பா கேஸில் வக்கீல் மட்டும் கையெழுத்துப் போட்டிருந்தால்? எங்கள் பக்கம் பாதி மெமோவில் வக்கீல் கையெழுத்துதான் இருக்கும். கட்சிக்காரர் டீக்கடையில் இருப்பார்.

#16 கறுப்புக்கோட்டு

"தரப்பினர் கையெழுத்து" என்பதில் வக்காலத்து கொடுக்கப்பட்ட வக்கீலின் கையெழுத்தும் அடங்கும் என்று பைராம் பெஸ்டன்ஜி வழக்கிலேயே வந்துவிட்டது. ஆனால் அதற்காக வக்கீல் இஷ்டத்துக்கு எதையும் விட்டுக்கொடுக்கலாம் என்று அர்த்தமில்லை. கட்சிக்காரரின் உரிமையைப் பாதிக்கும் சமரசத்துக்குத் தெளிவான அறிவுறுத்தல் வேண்டும் என்று 2015-இல் ஹிமாலயன் கூட்டுறவு வீட்டுவசதிச் சங்க வழக்கில் கடுமையாகவே சொன்னார்கள். நான் ஒரு மெமோவைக் கூடக் கட்சிக்காரர் கையெழுத்து இல்லாமல் தாக்கல் செய்வதில்லை. ஒவ்வொரு பக்கத்திலும் வாங்குவேன். தமிழில் படித்துக் காட்டி, "படித்துக் கேட்டுப் புரிந்துகொண்டேன்" என்று அவர் கையாலேயே எழுத வைப்பேன். பிழைப்பு ஓட வேண்டுமே.

#17 வடமராட்சியான்

வணக்கம். நான் யாழ்ப்பாணத்திலிருந்து எழுதுகிறேன். எங்களுடைய பக்கத்திலும் ஏறக்குறைய இதே நிலைதான், வழிதான் வேறு. குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 408-ஆம் பிரிவின்படி, தரப்பினர் இணங்கித் தீர்த்துக்கொண்டால் அதற்கேற்பத் தீர்ப்பாணை, அது இணக்கத்துக்குள் வந்த விடயங்களைப் பொறுத்தவரை இறுதியானது. ஏமாற்று, தவறான விளக்கம் என்று இருந்தால் சாதாரண மேன்முறையீடாக அல்லாமல், மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் மீளாய்வு மனுவாகவோ, பழைய நிலைக்கு மீட்டுத் தரும்படி கேட்கும் மனுவாகவோ போவார்கள்.

ஒன்று மட்டும் உங்களுக்குப் புதுமையாக இருக்கும். காணிப் பிரிவினை வழக்கில் தரப்பினர் எல்லோரும் இணங்கிவிட்டார்கள் என்பதற்காக மட்டும் நீதிமன்றம் தீர்ப்பாணை வழங்கிவிடாது. 1977-ஆம் ஆண்டின் 21-ஆம் இலக்கப் பிரிவினைச் சட்டத்தின் கீழ் உரித்தை நீதிபதி தானே ஆராய வேண்டும். ஏனென்றால் அந்தத் தீர்ப்பாணை வழக்கில் இல்லாத ஆட்களையும் கட்டும்.

#18 கறுப்புக்கோட்டு

அது நல்ல ஏற்பாடு. இங்கே வழக்கில் சேர்க்காத ஒரு அக்காவையோ தங்கையையோ விட்டுவிட்டு ராஜியாகிவிடுவதுதான் அடிக்கடி நடக்கிறது. அவர்களை அந்த டிகிரி கட்டுப்படுத்தாது என்பது வேறு விஷயம். ஆனால் அதற்குள் பட்டா மாறி, கிரயம் ஆகி, அங்கே வீடே எழும்பியிருக்கும்.

#19 கீழவாசல்

லோக் அதாலத்தில் முடித்தால்?

#20 ஜூனியர்நான்

அது இன்னும் கெட்டியான பூட்டு. 1987-ஆம் வருட சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம் பிரிவு 21. மக்கள் நீதிமன்றம் கொடுக்கும் அவார்டு, கோர்ட் டிகிரிக்குச் சமம், இறுதியானது, எந்தக் கோர்ட்டிலும் அப்பீல் கிடையாது. அதே கோர்ட்டில் மனுப் போடும் வழிகூட இல்லை. ஜலூர் சிங் வழக்கில் 2008-இல் சொன்னது: உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226 அல்லது 227-இன் கீழ் ரிட் மட்டும், அதுவும் மிகக் குறுகிய காரணங்களுக்கு. தனி வழக்குப் போட்டவர்களையும் 2017-இல் பார்கவி கன்ஸ்டிரக்ஷன்ஸ் வழக்கில் திருப்பி அனுப்பினார்கள், மோசடி என்று சொன்னாலும் ரிட்டுக்குப் போ என்று.

ஆனால் ஒரு நல்லது உண்டு. இப்படி முடித்தால் கட்டிய கோர்ட் ஃபீஸ் திரும்பக் கிடைக்கும். நம் ஊர் கோர்ட் ஃபீஸ் சட்டத்தில் பிரிவு 69-A. கோர்ட்டுக்கு வெளியே தாங்களாகவே பேசி முடித்தவர்களுக்கும் அது உண்டா என்று சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்தே ஒரு வழக்குப் போய், 2021-இல் உச்ச நீதிமன்றம் உண்டு என்றது. ஆற்றங்கரையான் அத்தை வாங்கினாரா என்று கேளுங்கள்.

#21 பழைய சிரஸ்தார்

எல்லோரும் சட்டம் பேசுகிறீர்கள். நான் ஒரு காகிதம் பற்றிக் கேட்கிறேன்.

ஆற்றங்கரையான் தம்பி, உங்கள் சித்தப்பா காட்டியது டிகிரி நகல் என்று எழுதியிருக்கிறீர்கள். சமரச மெமோவின் நகலை நீங்கள் யாராவது பார்த்தீர்களா? இரண்டும் வேறு காகிதம். மெமோ என்பது உங்கள் அப்பா கையெழுத்துப் போட்டது. டிகிரி என்பது அதைப் பார்த்து ஆபீஸில் எழுதுவது. ராஜி மெமோவை டிகிரியின் ஒரு பகுதியாகச் சேர்க்க வேண்டும், சொத்து விவரத்தை அப்படியே எடுத்து எழுத வேண்டும். எட்டுப் பக்கம் மெமோ, நான்கு ஷெட்யூல் (சொத்து விவரப் பட்டியல்), ஒரு வரைபடம் என்று வந்தால் மாலை ஐந்தரை மணிக்கு ஒரு பக்கம் விட்டுப் போவது நடக்காத காரியமில்லை. என் கண் முன்னாலேயே நடந்திருக்கிறது. வரைவை வக்கீல்கள் வந்து சரிபார்க்க வேண்டும். யார் வருகிறார்கள்?

அதனால் மோசடி, ஏமாற்று என்று சொந்தத் தம்பி மேல் மனுப் போடுவதற்கு முன்னால் நகல் மனுப் போடுங்கள். மெமோ, ஷெட்யூல், வரைபடம், தீர்ப்பு, டிகிரி, அந்தத் தேதியின் டைரிக் குறிப்பு எல்லாவற்றுக்கும் சான்றிட்ட நகல் வாங்குங்கள்.

#22 கறுப்புக்கோட்டு

இதை நான் முதல் பதிவிலேயே கேட்டிருக்க வேண்டும். தலை வணங்குகிறேன் ஐயா.

#23 ஆற்றங்கரையான்

மெமோ நகல் எங்களிடம் இல்லை. எங்கள் வக்கீல் கேஸ் கட்டைப் பிறகு தருகிறேன் என்கிறார், பல வாரமாகச் சொல்கிறார். நாளையே நகல் மனுப் போடுகிறேன்.

#24 மஞ்சள்பை

நகல் வர எத்தனை நாளோ. அதுவரை மோட்டார் யார் போடுவார்கள்?

#25 ஆற்றங்கரையான்

இரவில் நாங்கள் போடுகிறோம், பகலில் சித்தப்பா போடுகிறார். இன்னும் பேச்சு முழுவதும் நிற்கவில்லை. சித்தி வந்து அம்மாவிடம் மாவு வாங்கிப் போகிறார்.

#26 ஆற்றங்கரையான்

எல்லோருக்கும் வணக்கம். 19 நாள் கழித்து வருகிறேன். நகல் வந்துவிட்டது.

சிரஸ்தார் ஐயா, நீங்கள் சொன்னதுதான் நடந்திருக்கிறது. மெமோவில் அ, ஆ, இ என்று மூன்று பங்குக்கு மூன்று ஷெட்யூல். கடைசிப் பக்கத்தில் ஈ ஷெட்யூல் என்று நான்காவது இருக்கிறது. "போர், 5 எச்.பி. மோட்டார், மோட்டார் ரூம், மின் இணைப்பு, வரப்பை ஒட்டிய பைப் லைன் மூவருக்கும் பொது" என்று எழுதி, கீழே அப்பா, சித்தப்பா, அத்தை மூவர் கையெழுத்தும் இருக்கிறது. டிகிரியில் அ, ஆ, இ மட்டும்தான். ஈ இல்லவே இல்லை. ஆ ஷெட்யூலில் வடக்குப் பகுதி சித்தப்பாவுக்கு என்று இருக்கிறது, போர் அதற்குள் வருவதால் அவர் தனக்கே என்று எடுத்துக்கொண்டார்.

இப்போது ஆர்டர் 23-இல் மனுவா?

#27 கறுப்புக்கோட்டு

வேண்டாம், வேண்டவே வேண்டாம். இப்போது சமரசம்தான் உங்கள் பலம். அதை உடைக்கக் கேட்டால் நீங்களே உங்கள் கிளையை வெட்டுகிறீர்கள்.

சி.பி.சி. பிரிவு 152 போதும். தீர்ப்பிலோ டிகிரியிலோ எழுத்துப் பிழை, கணக்குப் பிழை, கவனக்குறைவால் விடுபட்டது இருந்தால் கோர்ட் எப்போது வேண்டுமானாலும் திருத்தலாம். "எப்போது வேண்டுமானாலும்" என்பது சட்டத்திலேயே உள்ள வார்த்தை, 14 மாதம் ஆனது பிரச்சினையே இல்லை. தாமத மன்னிப்பும் வேண்டாம். கோர்ட் புதிதாக எதையும் முடிவு செய்யப் போவதில்லை, மெமோவில் இருப்பதை டிகிரியில் சேர்க்கப் போகிறது. சொத்து விவரம் டிகிரியில் சரியாக இல்லாமல் போனால் 152-இல் அல்லது நிறைவேற்றும் கட்டத்தில் 47-இல் சரிசெய்யலாம் என்று 2003-இல் வெளியான பிரதிபா சிங் தீர்ப்பில் இருக்கிறது. வக்கீலிடம் அதைக் காட்டுங்கள்.

#28 ஜூனியர்நான்

மனுவில் சித்தப்பா மேல் ஒரு குற்றச்சாட்டும் எழுத வேண்டாம். விடுபட்டது என்று மட்டும் போதும். அத்தையையும் தரப்பாகச் சேர்த்து நோட்டீஸ் அனுப்புங்கள்.

#29 ஆற்றங்கரையான்

போர்த் தண்ணீர் பொது என்று மட்டும்தான் மெமோவில் இருக்கிறது. யாருக்கு எந்த நாள் என்று இல்லை. அதையும் இந்த மனுவிலேயே கேட்டு வாங்கிவிடலாமா? சர்வீஸ் பெயர் மாற்றமும் பாக்கி இருக்கிறது.

#30 பழைய சிரஸ்தார்

152-இல் அது நடக்காது தம்பி. மெமோவில் இல்லாத ஒரு வரியைக்கூட அதில் கேட்காதீர்கள், கேட்டால் நல்ல மனுவும் கெட்டுப்போகும். முறை நாள் வேண்டுமென்றால் மூவரும் தனியாக ஓர் ஒப்பந்தம் எழுதிக்கொள்ளுங்கள். சர்வீஸ் பெயர் மாற்றத்துக்குத் திருத்திய டிகிரி நகலோடு மின்வாரிய ஆபீஸுக்குப் போக வேண்டும். முதலில் திருத்தம்.

#31 ஆற்றங்கரையான்

சரி ஐயா. நேற்று அத்தை வந்திருந்தார். ஈ ஷெட்யூல் பக்கத்தை சித்தப்பா முன்னால் வைத்து அவர் கையெழுத்தைக் காட்டினார். சித்தப்பா ஒன்றும் பேசவில்லை, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தார். அப்புறம், நோட்டீஸ் வந்தால் ஆட்சேபனை இல்லை என்று எழுதிக் கொடுக்கிறேன் என்றார். தண்ணீர் முறை நாளை அத்தையே ஒரு நோட்டில் எழுதிவிட்டார்: திங்கள், செவ்வாய் நாங்கள். புதன், வியாழன் சித்தப்பா. வெள்ளி, சனி அத்தை நிலத்தைக் குத்தகைக்கு வைத்திருப்பவர். ஞாயிறு யாருக்கு என்பதில் மட்டும் இன்னும் தகராறு.

#32 மஞ்சள்பை

ஞாயிறு மோட்டாருக்கு லீவு விடுங்கள்.